காகிதத்தில் எஞ்சும் குழந்தையின் குரல்: சிறாருக்கு எதிரான குற்றங்களில் மேல்முறையீட்டு நீதிமன்றங்களின் சான்று மதிப்பீடு

2025ஆம் ஆண்டில் இந்திய உச்ச நீதிமன்றம் ஏழு மாத இடைவெளியில் வழங்கிய இரு தீர்ப்புகள் ஆழ்ந்த வாசிப்புக்குரியவை. மார்ச் 18 அன்று வந்த முதல் தீர்ப்பு, 1986இல் ராஜஸ்தானில் ஒரு சிறுமி பாலியல் வன்கொடுமைக்கு ஆளான வழக்கைப் பற்றியது. குற்றவாளி எனக் கண்டு 1987இல் தண்டிக்கப்பட்டவரை உயர் நீதிமன்றம் 2013இல் விடுதலை செய்திருந்தது. அந்த விடுதலையை உச்ச நீதிமன்றம் நீக்கி, பழைய தண்டனையை மீண்டும் நிலைநிறுத்தியது. அக்டோபர் 8 அன்று வந்த இரண்டாம் தீர்ப்பு, 2017இல் சென்னைப் புறநகரில் ஒரு சிறுமி கொல்லப்பட்ட வழக்கைப் பற்றியது. செங்கல்பட்டு மகளிர் நீதிமன்றம் 2018 பிப்ரவரியில் மரண தண்டனை விதித்தது. அதே ஆண்டு ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. உச்ச நீதிமன்றமோ, குற்றம் ஐயத்திற்கு இடமின்றி நிறுவப்படவில்லை எனக் கூறி, மரண தண்டனை பெற்றவரை முழுமையாக விடுதலை செய்தது.

முதல் தீர்ப்பு பாராட்டப்பட்டது; இரண்டாவது தமிழகத்தில் அதிர்ச்சியையும் கோபத்தையும் எழுப்பியது. ஒன்று குழந்தையின் பக்கம் நின்றது, மற்றது குழந்தையைக் கைவிட்டது என்பதே பொதுவான எண்ணம். ஆயின், நீதியரசர்கள் விக்ரம் நாத், சஞ்சய் கரோல் ஆகிய இருவரும் இரு அமர்வுகளிலும் இடம்பெற்றிருந்தனர் என்பது கவனிக்கத்தக்கது. அதே நீதிபதிகள் ஒரே ஆண்டில் எதிரெதிர்த் திசைகளில் சென்றார்களா? அல்லது ஒரே அளவுகோலை இரு வேறு வழக்கு ஆவணங்களின் மீது வைத்துப் பார்த்தார்களா? இவ்வினாவுக்கு விடை காண, மேல்முறையீட்டு நீதிமன்றம் சான்றை எடைபோடும் முறை எவ்வாறு உருவானது, அது எங்கெங்கே தவறியது என்பதை நாம் பார்க்க வேண்டியுள்ளது. குழந்தைகளின் அடையாளம் காக்கப்பட வேண்டும் என்பது சட்டத்தின் கட்டளை. ஆகவே, வழக்குகள் இங்கு ஊராலும் ஆண்டாலும் மட்டுமே சுட்டப்படுகின்றன.

மேல்முறையீடு என்னும் வாசிப்பு

விசாரணை நீதிபதி சாட்சியைக் காண்கிறார். அவர் குரல் தழுதழுப்பதைக் கேட்கிறார். மேல்முறையீட்டு நீதிபதியின் மேசைக்கு வருவது தட்டச்சு செய்யப்பட்ட ஒரு கட்டு மட்டுமே. அக்கட்டிலும் சாட்சி பேசியது பேசியவாறே இருப்பதில்லை. 1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 276ஆம் பிரிவின்படி, அமர்வு நீதிமன்றத்தில் சாட்சியம் பொதுவாகத் தொடர்ச்சியான கூற்றாகவே எழுதப்பட வேண்டும். வினா விடை வடிவில் பதிவது நீதிபதியின் விருப்பத்துக்கு உட்பட்டது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவும் இந்த ஏற்பாட்டையே தொடர்கிறது.

இதன் விளைவைச் சிந்திப்போம். எட்டு வயதுக் குழந்தையிடம் பத்துக் கேள்விகள் கேட்கப்படுகின்றன. சிலவற்றுக்கு அது தலையசைக்கிறது, சிலவற்றுக்கு ஒற்றைச் சொல்லில் பதிலளிக்கிறது, சிலவற்றுக்கு அம்மாவைத் திரும்பிப் பார்க்கிறது. இவை அனைத்தும் ஒரு பெரியவர் கோவையாகச் சொன்னது போன்ற பத்தியாகக் கட்டில் ஏறிவிடுகின்றன. எந்தச் சொல் குழந்தையுடையது, எது கேள்வியில் இருந்து வந்தது என்பதை அதன்பின் பிரித்தறிய இயலாது. சாட்சியின் நடத்தை பற்றி நீதிபதி குறிப்பு எழுதலாம் என 280ஆம் பிரிவு கூறுகிறது. இழந்ததில் ஒரு பகுதியையேனும் காக்கும் வழி அது ஒன்றே. அதைப் பயன்படுத்திய நீதிபதியும் பயன்படுத்தாத நீதிபதியும் பிற்காலத்தில் ஒரு வழக்கின் முடிவையே மாற்றிவிடக் கூடும்.

காகிதத்தை மட்டும் கையில் கொண்ட நீதிமன்றத்தின் அதிகாரம் எவ்வளவு? விடுதலைக்கு எதிரான மேல்முறையீட்டிலும் உயர் நீதிமன்றம் முழுச் சான்றையும் மீளாய்வு செய்யலாம் என்று பிரிவி கவுன்சில் 1934இலேயே கூறியது. ஆயினும் சாட்சிகளை நேரில் கண்ட நீதிபதியின் கருத்துக்கும், குற்றம் சாட்டப்பட்டவர் நிரபராதி என்னும் அனுமானத்துக்கும் உரிய மதிப்பளிக்க வேண்டும் என்று அது வரம்பிட்டது. 2007இல் கர்நாடக வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதைத் தொகுத்துரைத்தது. விசாரணை நீதிமன்றம் விடுவித்துவிட்டால் நிரபராதி என்னும் அனுமானம் இரட்டிப்பாகிறது. இரு முடிவுகளுக்கு நியாயமான இடமிருந்தால் விடுதலையில் கைவைக்கக் கூடாது என்பதே அதன் சாரம். எனவே மேல்முறையீடு என்பது புதிய விசாரணை ஆகாது; கீழ் நீதிமன்றம் சரியாக வாசித்ததா என்னும் வாசிப்பு அது. அதே வேளையில், முதல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சான்றைத் தானே முழுமையாக எடைபோடும் கடமையிலிருந்து நழுவவும் முடியாது.

குழந்தை சாட்சியாகுமா?

இது பழைய கேள்வி. 1779இல் இங்கிலாந்தின் பன்னிரு நீதிபதிகள் கூடி ஆராய்ந்த வழக்கு ஒன்றில், சாட்சியம் அளிக்க இத்தனை வயது ஆகியிருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. சத்தியப் பிரமாணத்தின் பொருளைக் குழந்தை உணர்கிறதா என்பதே கேள்வி என முடிவு செய்யப்பட்டது. ஆயின், பிரமாணம் இல்லாத சொல்லுக்கு அங்கு இடமில்லை.

இக்கேள்வியை இஸ்லாமியச் சட்ட அறிஞர்கள் அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே விவாதித்துள்ளனர். ஹனபி, ஷாபிஈ சட்டப் பள்ளிகள் பருவமடையாதோரின் சாட்சியத்தை ஏற்கவில்லை. மாலிகி பள்ளியோ, சிறுவர்கள் தமக்குள் விளைவித்த காயங்கள் தொடர்பில் அவர்களின் சாட்சியத்தை ஏற்றது. ஆனால் ஒரு நிபந்தனை: சம்பவம் நடந்த இடத்திலிருந்து அவர்கள் கலைந்து செல்வதற்கு முன், பெரியவர்கள் அவர்களோடு பேசிச் சொல்லிக்கொடுப்பதற்கு முன் அந்தச் சாட்சியம் பெறப்பட்டிருக்க வேண்டும். குழந்தை பொய் சொல்லும் என்ற அச்சத்தைக் காட்டிலும், பெரியவரின் சொல் குழந்தையின் வாயில் புகுந்துவிடும் என்ற அச்சமே இந்நிபந்தனைக்கு அடிப்படை. இன்றைய நீதிமன்றங்களைக் கலங்கவைப்பதும் இதே அச்சந்தான்.

1872ஆம் ஆண்டு இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 118ஆம் பிரிவு வயது வரம்பு எதையும் வகுக்கவில்லை. கேள்வியைப் புரிந்துகொண்டு அறிவுக்கு ஒத்த விடையளிக்கும் ஆற்றல் இருந்தால் எவரும் சாட்சியாகலாம். இப்போதைய பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 124ஆம் பிரிவும் இதையே கூறுகிறது. சொல்லிக்கொடுக்கப்பட்ட சாட்சியமா என்பதை அறிய, 2025 பிப்ரவரியில் மத்தியப் பிரதேச வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இரு படிகளை வகுத்தது. சொல்லிக்கொடுக்க வாய்ப்பு இருந்ததா என்பது முதற்படி. உண்மையில் சொல்லிக்கொடுக்கப்பட்டிருக்கும் என நம்பத் தக்க அறிகுறி உண்டா என்பது இரண்டாம் படி. தாயைக் கொலையில் இழந்த ஏழு வயதுச் சிறுமி அவ்வழக்கின் சாட்சி. குழந்தை யாரேனும் ஒரு பெரியவரோடு வாழ்ந்தே ஆக வேண்டும்; ஆதலால் வாய்ப்பு எப்போதும் இருக்கும். வாய்ப்பையே குற்றமாகக் கொண்டால் உலகில் எந்தக் குழந்தையின் சாட்சியமும் நில்லாது. இந்தத் தெளிவு வருவதற்கு இவ்வளவு காலம் பிடித்தது வியப்புக்குரியது.

1951: நிதானத்தின் விதி

குடியரசின் தொடக்க ஆண்டுகளிலேயே உச்ச நீதிமன்றத்தின் முன் வந்த ராஜஸ்தான் வழக்கு ஒன்று இத்துறையின் அடித்தளமாகும். ஏழு அல்லது எட்டு வயதுச் சிறுமி பாலியல் கொடுமைக்கு ஆளானாள். ஏறத்தாழ நான்கு மணி நேரம் கழித்துத் தாயிடம் நடந்ததைச் சொன்னாள். உதவி அமர்வு நீதிபதி தண்டித்தார். அமர்வு நீதிபதி விடுவித்தார்: சான்று தம் மனச்சாட்சிக்குப் போதுமானது, ஆயினும் ஒத்துறுதிச் சான்று இல்லாததால் சட்டத்திற்குப் போதாது என்பது அவர் கருத்து. உயர் நீதிமன்றம் மீண்டும் தண்டித்தது. 1951 டிசம்பர் 20 அன்று நீதியரசர் விவியன் போஸ் எழுதிய தீர்ப்பு அத்தண்டனையை உறுதிசெய்தது.

அத்தீர்ப்பின் சிறப்பு அதன் நுண்மையில் உள்ளது. ஒத்துறுதிச் சான்று இன்றித் தண்டிக்கவே கூடாது என்ற சட்டம் எதுவும் இல்லை. ஆனால் அத்தகைய சான்றைத் தேடுவது நலம் என்னும் எச்சரிக்கை நீதிபதியின் உள்ளத்தில் இருந்தாக வேண்டும். அது தேவையில்லை என ஒரு வழக்கில் கருதினால் அதற்கும் காரணம் புலப்பட வேண்டும். குழந்தைக்குப் பிரமாணம் செய்விக்கப்படாதது சாட்சியத்தைச் செல்லாததாக்காது, அதன் எடையை மட்டுமே பாதிக்கும். நான்கு மணி நேரத்துக்குள் தாயிடம் சொன்ன சொல்லே ஒத்துறுதியாகலாம். தாய் உறவினர் என்பதாலேயே அவர் சார்பற்றவர் அல்லர் என முடிவு கட்டலாகாது. பகை போன்ற காரணம் இருந்தாலன்றி அவர் நம்பத் தக்கவரே.

அமர்வு நீதிபதியின் விடுதலைத் தீர்ப்பை இதனோடு ஒப்பிட வேண்டும். அவர் குழந்தையை நம்பினார். ஆனால் தம் நம்பிக்கையைத் தாமே நம்பவில்லை. இல்லாத ஒரு விதியின் பின்னே அவர் ஒதுங்கினார். நிதானத்திற்கான ஓர் அறிவுரை, காலப்போக்கில் இறுகி, சட்டம் போலவே நடமாடத் தொடங்கிவிடும் என்பதற்கு அத்தீர்ப்பு நல்ல சான்று. பிற்கால மேல்முறையீடுகளிலும் இந்நோய் திரும்பத் திரும்பத் தலைகாட்டியது.

எதிர்பார்ப்புகள் சான்றாகும்போது

1978 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அளித்த மகாராஷ்டிரத் தீர்ப்பு அதற்கு ஓர் எடுத்துக்காட்டு. 1972இல் தேசாய்கஞ்ச் காவல் நிலையத்தில் ஓர் ஆதிவாசிச் சிறுமி கொடுமைக்கு ஆளான வழக்கு அது. அவளுடைய வயது 14க்கும் 16க்கும் இடைப்பட்டது என மருத்துவர் மதிப்பிட்டிருந்தார். 16க்கு உட்பட்டவள் என நிறுவப்பட்டிருந்தால் சம்மதம் என்னும் கேள்விக்கே இடமில்லை. அதற்குப் போதிய சான்று இல்லை என்று அமர்வு நீதிமன்றம் கருதிவிட்டது. உயர் நீதிமன்றம் காவலர்களைத் தண்டித்தது. உச்ச நீதிமன்றமோ, உடலில் காயமில்லை, எதிர்ப்பின் அடையாளம் இல்லை என்று கூறி அவர்களை விடுவித்தது. இரவு நேரத்தில், காவல் நிலையத்தில், சீருடை அணிந்தோர் முன்னிலையில் ஒரு சிறுமி எவ்வாறு எதிர்க்க வேண்டும் என அது எதிர்பார்த்தது? உபேந்திர பக்ஷி, லோதிகா சர்க்கார், வசுதா தாகம்வார், ரகுநாத் கேல்கர் ஆகிய நான்கு சட்டப் பேராசிரியர்கள் 1979இல் தலைமை நீதிபதிக்கு எழுதிய திறந்த மடல் இக்கேள்வியைத்தான் எழுப்பியது. 1983இல் சாட்சியச் சட்டத்தில் 114ஏ பிரிவு சேர்க்கப்பட்டமைக்கு அம்மடல் தூண்டிய விவாதமே பின்புலமாயிற்று.

அதே 1983இல் வந்த குஜராத் தீர்ப்பு நல்ல முடிவைத் தவறான வழியில் எட்டியது. பத்து, பன்னிரண்டு வயதுடைய இரு சிறுமியர் தொடர்பான அவ்வழக்கில், ஒத்துறுதிச் சான்று தவிர்க்க முடியாத தேவை அன்று என நீதியரசர் தக்கர் எழுதினார். அது சரியே. ஆனால் அதற்கு அவர் காட்டிய காரணம் யாது? மரபில் ஊறிய இந்தியச் சமூகத்தில் மானம், திருமண வாய்ப்பு, குடும்பப் பெயர் ஆகியவற்றைப் பணயம் வைத்து ஒரு பெண் பொய்க்குற்றம் சுமத்தமாட்டாள் என்பது. மேலைநாட்டுப் பெண்களைப் பற்றி அவர் வேறு விதமாகக் கருதினார். மானம் சாட்சியத்தின் நம்பகத்துக்கு அளவுகோலானால், அதே அளவுகோல் நாளை எதிர்த்திசையிலும் வெட்டும்: வீட்டை விட்டுச் சென்றவள், தாமதமாகப் புகார் அளித்தவள், மானத்தைப் பொருட்படுத்தாதவள் எனக் கருதப்படுபவள் பொய் சொல்லக் கூடும் என்ற முடிவுக்கு அது வழிதிறந்துவிடுகிறது. குழந்தையின் சொல்லை நம்புவதற்கான காரணம் அச்சொல்லிலும் வழக்கின் ஏனைய சான்றுகளிலும் இருக்க வேண்டும். சமூகம் குறித்த பொதுக்கருத்தில் இருக்கலாகாது.

1996 ஜனவரியில் நீதியரசர் ஆனந்த் எழுதிய பஞ்சாப் தீர்ப்பு இவ்வகையில் முன்னேற்றமானது. 1984இல் பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதிவிட்டுத் திரும்பிய, 16 வயது நிரம்பாத மாணவி கடத்தப்பட்டாள். மறுநாள் காலை விடுவிக்கப்பட்ட அவள், அன்றைய தேர்வையும் எழுதிவிட்டு வீடு சேர்ந்து தாயிடம் சொன்னாள். குடும்பம் முதலில் பஞ்சாயத்தை நாடியதால் புகார் தாமதமாயிற்று. கூச்சலிடவில்லை, காரின் வகையைச் சொல்லத் தெரியவில்லை, தாமதம் என அடுக்கிய விசாரணை நீதிமன்றம், அவளுடைய ஒழுக்கத்தின் மீதும் பழி சுமத்திக் குற்றம் சாட்டப்பட்டோரை விடுவித்தது. உச்ச நீதிமன்றம் இக்காரணங்களை ஒவ்வொன்றாக எடுத்து, அவை சான்றைச் சோதிக்கவில்லை, மாணவியின் நடத்தையைத்தான் சோதித்தன எனக் காட்டியது. பாதிக்கப்பட்டவரின் ஒழுக்கத்தைக் கேள்விக்குட்படுத்த இடமளித்த 155(4) பிரிவு 2002ஆம் ஆண்டுத் திருத்தத்தால் நீக்கப்பட்டது.

மௌனத்தை வாசித்தல்

இப்பின்னணியில் 2025 மார்ச் தீர்ப்புக்கு வருவோம். விசாரணை நீதிமன்றத்தில் அச்சிறுமி சாட்சிக் கூண்டில் நிறுத்தப்பட்டாள். நடந்தது பற்றிக் கேட்டபோது அவள் எதுவும் பேசவில்லை. கண்ணீர் மட்டுமே வந்தது. நீதிபதி அதைப் பதிவு செய்தார். உயர் நீதிமன்றம் அப்பதிவை வாசித்து, பாதிக்கப்பட்டவரே குற்றத்தைச் சொல்லவில்லை எனக் கொண்டது. காகிதத்தில் மௌனம் வெற்றிடமாகத் தெரிவது இயல்பே. ஆனால் முதல் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அந்த இயல்பைத் தாண்டிப் பார்க்கும் கடமை உண்டு. மருத்துவச் சான்றும், குழந்தையை மயங்கிய நிலையில் கண்டவரின் சாட்சியமும் அதே கட்டில் இருந்தன. அவற்றைச் சுயமாக எடைபோடாமல் மிகச் சுருக்கமாக விடுதலை அளித்ததை உச்ச நீதிமன்றம் கடிந்துரைத்தது. பாதிக்கப்பட்டவரின் பெயரைத் தீர்ப்பில் வெளியிட்டதையும் அது கண்டித்தது.

இத்தீர்ப்பைப் புகழ்ந்தோர் பலர் ஒன்றைக் கவனிக்கத் தவறினர். கண்ணீரே குற்றத்தை நிறுவியது என உச்ச நீதிமன்றம் கூறவில்லை. குழந்தையின் மௌனத்தை ஒரு பெரியவரின் மௌனத்தோடு சமமாக வைக்கலாகாது, அதைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு ஆதாயமாக்கலாகாது என்றே கூறியது. அதன்பின் மருத்துவச் சான்றையும் சூழ்நிலைச் சான்றையும் தனியே ஆராய்ந்து, அவை போதும் எனக் கண்டது. மௌனத்துக்கு எதிர்மறை எடை கொடுப்பது தவறு. அதற்கு நேர்மறை எடையை மிகுதியாகக் கொடுப்பதும் தவறே. ஏனைய சான்று இல்லாத வழக்கில் கண்ணீரை மட்டும் கொண்டு ஒருவரைச் சிறைக்கு அனுப்ப இத்தீர்ப்பு இடமளிக்கவில்லை.

அனுமானமும் வயதும்

2012 நவம்பர் 14 அன்று நடைமுறைக்கு வந்த போக்சோ சட்டம் இவ்வாசிப்பை ஓரளவு மாற்றியது. குழந்தையிடம் நேரடியாகக் கேள்வி கேட்காமல் நீதிபதி வழியாகவே கேட்க வேண்டும். அதைத் திரும்பத் திரும்ப நீதிமன்றத்துக்கு அழைக்கக் கூடாது. ஆக்ரோஷமான குறுக்கு விசாரணை கூடாது என 33ஆம் பிரிவு விதிக்கிறது. 29ஆம் பிரிவு, குறிப்பிட்ட குற்றங்களில் மாறாக நிறுவப்படும் வரை குற்றம் இழைக்கப்பட்டதாக அனுமானிக்க வேண்டும் என்கிறது. இவ்வனுமானம் தானாக முளைப்பதில்லை, அடிப்படை உண்மைகளை அரசுத் தரப்பு முதலில் நிறுவ வேண்டும் என உயர் நீதிமன்றங்கள் பல விளக்கியுள்ளன. அந்த விளக்கம் இன்றியமையாதது. அனுமானம் சான்றின் இடத்தைப் பிடித்துக்கொண்டால் புலன்விசாரணை சோம்பலில் ஆழ்ந்துவிடும்.

அடிப்படை உண்மைகளில் தலையாயது வயது. 2023 ஜூலையில் தமிழகத்திலிருந்து சென்ற வழக்கு ஒன்றில், பள்ளி மாற்றுச் சான்றிதழ் மட்டும் வயதை நிறுவாது என உச்ச நீதிமன்றம் கூறியது. 2015ஆம் ஆண்டுச் சிறார் நீதிச் சட்டத்தின் 94ஆம் பிரிவு பள்ளியின் பிறந்த தேதிச் சான்றிதழ் அல்லது பொதுத்தேர்வுச் சான்றிதழ், உள்ளாட்சியின் பிறப்புச் சான்றிதழ், இவை இல்லாதபோது எலும்பு வளர்ச்சிச் சோதனை என ஒரு வரிசையை வகுத்துள்ளது. அவ்வழக்கின் மருத்துவச் சோதனை 18ஐக் கடந்த வயதையே காட்டியது, தண்டனை நீக்கப்பட்டது. ஊராட்சி அலுவலகத்திலிருந்து ஒரு பிறப்புச் சான்றிதழைப் பெறும் சிறு வேலை செய்யப்படாததால், வயதுக்கு வந்த ஒருவர் தவறாகத் தண்டிக்கப்படலாம். உண்மையான ஒரு குழந்தை 1972இல் போலவே சட்டத்தின் காப்பை இழக்கவும் செய்யலாம்.

மறுபுறம், தண்டனையின் கடுமையைக் காரணம் காட்டிச் சான்றின் அளவை உயர்த்தும் போக்கும் உண்டு. 2021 ஜனவரியில் மும்பை உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் கிளை, பன்னிரண்டு வயதுச் சிறுமி தொடர்பான வழக்கில், தோலோடு தோல் தொடாமல் ஆடையின் மேல் தொட்டது போக்சோ சட்டத்தின்படி பாலியல் தாக்குதல் ஆகாது என்றது. தண்டனை கடுமையாதலால் கூடுதல் நிரூபணம் தேவை என்பதும் அது காட்டிய காரணங்களுள் ஒன்று. நீதியரசர்கள் லலித், ரவீந்திர பட், பேலா திரிவேதி அடங்கிய அமர்வு அதே ஆண்டு நவம்பர் 18 அன்று அத்தீர்ப்பை நீக்கியது; தொடுதலின் பாலியல் நோக்கமே அளவுகோல் என அது தெளிவுபடுத்தியது. இங்கு நாடாளுமன்றத்துக்கும் ஒரு பாடம் உண்டு. 2019ஆம் ஆண்டுத் திருத்தம் போக்சோ தண்டனைகளை மரணம் வரை உயர்த்தியது. தண்டனை உயர உயர, தண்டிக்கத் தயங்கும் நீதிபதி தம் தயக்கத்துக்குச் சான்றின் பெயரைச் சூட்டக்கூடும்.

அக்டோபர் தீர்ப்பு

சென்னை வழக்கில் பேசுவதற்குக் குழந்தை உயிரோடு இல்லை. எனவே அனைத்தும் சூழ்நிலைச் சான்றே. சூழ்நிலைச் சான்றின் ஒவ்வொரு கண்ணியும் நிறுவப்பட்டு, சங்கிலி முழுமையாகி, வேறு எந்த விளக்கத்துக்கும் இடமளிக்கலாகாது என்பதை 1984இல் உச்ச நீதிமன்றம் ஐந்து கூறுகளாக வகுத்திருந்தது. அக்கூறுகளைக் கொண்டு நோக்கியபோது, கடைசியாக உடன் காணப்பட்டார் என்ற கூற்று, கண்காணிப்புக் கேமராப் பதிவு, வாக்குமூலத்தின் வழி கண்டெடுக்கப்பட்டதாகச் சொல்லப்பட்ட பொருள்கள், தடய அறிவியல் அறிக்கை ஆகிய கண்ணிகள் நான்கும் உறுதியாக நிற்கவில்லை என்பது நீதிமன்றத்தின் முடிவு. குற்றச்சாட்டு வனையப்பட்டபோது குற்றம் சாட்டப்பட்டவருக்கு வழக்கறிஞர் இல்லை; பின்னர் அமர்த்தப்பட்ட சட்ட உதவி வழக்கறிஞருக்குப் போதிய கால அவகாசம் தரப்படவில்லை. இத்தீர்ப்பை எழுதிய நீதியரசர் சந்தீப் மேத்தா, குற்றத்தின் கொடூரத்தை எங்கும் குறைத்துக் காட்டவில்லை.

மார்ச் தீர்ப்பையும் இதையும் அருகருகே வைத்தால் இவற்றை இணைக்கும் நூல் புலப்படும். மார்ச்சில் கீழ் நீதிமன்றம் கட்டில் இருந்த சான்றை வாசிக்கத் தவறியது. அக்டோபரில் கீழ் நீதிமன்றங்கள் கட்டில் இல்லாத சான்றை இருப்பதாக வாசித்தன. முதலாவதில் குழந்தையின் மௌனம் வெற்றிடமாக்கப்பட்டது. இரண்டாவதில் ஊரின் சீற்றம் வெற்றிடத்தை நிரப்பியது. இரு பிழைகளுக்கும் மருந்து ஒன்றே: சான்றை ஒவ்வொன்றாக எடுத்து, அது எதை நிறுவுகிறது, எதை நிறுவவில்லை என எழுதிக் காட்டுவது.

விடுதலையைக் கண்டு வெகுண்டவர்களின் கோபம் நியாயமானதே. அது சேர வேண்டிய முகவரிதான் வேறு. கேமராப் பதிவை முறையாகக் கைப்பற்றிச் சான்றாக முன்வைக்காத புலன்விசாரணைக்கும், தற்காப்புக்கு இடம் தராமல் விரைந்த விசாரணைக்குமே அது உரியது. நியாயமான விசாரணை குற்றம் சாட்டப்பட்டவருக்கு அளிக்கப்படும் சலுகை என எண்ணுவோர் உண்டு. அது குழந்தைக்கான காப்பும் ஆகும். ஏனெனில் அவசரத்தில் கட்டப்பட்ட தண்டனை மேல்முறையீட்டில் சரியும்போது, குழந்தையின் குடும்பம் எட்டாண்டுகளுக்குப் பின் வெறுங்கையோடு நிற்கிறது. குற்றவாளி யார் என்ற கேள்விக்குச் சட்டத்தின் ஏட்டில் இன்று விடையே இல்லை.

செய்ய வேண்டியவை

மேல்முறையீட்டுத் தீர்ப்புகள் குழந்தையைப் பற்றிய பொதுக்கருத்துகளிலிருந்து மெல்ல விலகி, சான்றை நோக்கி நகர்ந்துள்ளன என்பதை இவ்வாசிப்பு காட்டுகிறது. ஆயினும் மூன்று குறைகள் எஞ்சியுள்ளன.

முதலாவது காலம். போக்சோ சட்டத்தின் 35ஆம் பிரிவு, குழந்தையின் சாட்சியத்தை முப்பது நாளிலும் விசாரணையை இயன்றவரை ஓராண்டிலும் முடிக்கச் சொல்கிறது. மேல்முறையீட்டுக்கு அத்தகைய வரம்பு எதையும் அச்சட்டம் வகுக்கவில்லை. ராஜஸ்தான் வழக்கில் தண்டனைக்கும் உயர் நீதிமன்றத் தீர்ப்புக்கும் இடையே இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் கழிந்தன. குற்றத்திலிருந்து இறுதித் தீர்ப்பு வரை முப்பத்தொன்பது ஆண்டுகள். கூண்டில் அழுத சிறுமி நடுவயதைக் கடந்த பிறகே அந்தக் கண்ணீர் சரியாக வாசிக்கப்பட்டது. 2009இன் இறுதியில் நடைமுறைக்கு வந்த திருத்தம் விடுதலைக்கு எதிராக மேல்முறையீடு செய்யும் உரிமையைப் பாதிக்கப்பட்டவருக்கும் அளித்துள்ளது. காலவரம்பு இல்லாத உரிமை பாதி உரிமையே.

இரண்டாவது பதிவு முறை. குழந்தையின் சாட்சியத்தை வினா விடையாகவே பதிய வேண்டும் என்பதை விருப்பத்திலிருந்து கடமையாக மாற்ற வேண்டும். ஒலி ஒளிப் பதிவும் கட்டோடு மேல் நீதிமன்றம் செல்ல வேண்டும். குழந்தை தயங்கிய இடத்தையும், கேள்வி விடையைத் தந்துவிட்ட இடத்தையும் அப்போதுதான் மேல் நீதிபதி காண இயலும். இது குழந்தைக்கும் பயன் தரும், பொய்யாகக் குற்றம் சாட்டப்பட்டவருக்கும் பயன் தரும்.

மூன்றாவது காரணம் காட்டல். 1951இல் விவியன் போஸ் கேட்டது இதைத்தான்: எச்சரிக்கை நீதிபதியின் உள்ளத்தில் இருந்தது என்பது தீர்ப்பிலிருந்தே தெரிய வேண்டும். குழந்தையை நம்பிய தீர்ப்பும் நம்பாத தீர்ப்பும் இந்தச் சோதனையை ஏற்றாக வேண்டும். ஏழு பதிற்றாண்டுகளுக்குப் பின்னும் ஓர் உயர் நீதிமன்றத்துக்கு இதை நினைவூட்ட வேண்டியிருந்தது என்பதே, அக்கடமை இன்னும் பழக்கமாகவில்லை என்பதைக் காட்டுகிறது.